யார் யார் எழுந்து நிற்பது

ஜூன் 9, திங்கள்
தண்ணீர்க் குழாய் மறுபடி உடைந்துவிட்டது. தலைமை ஆசிரியை என்று பெயர். காலை முழுக்கக் குழாய்க்காரரோடு மல்லுக்கட்டினேன்.

மாலையில் அண்ணன் வந்தான். பள்ளிக் குழுவின் செயலாளர் அவன்தான். அங்கீகார மனு திரும்பி வந்துவிட்டதாம். சிறுபான்மை மொழிப் பள்ளி என்று அரசு ஏற்காவிட்டால், அடுத்த ஆண்டிலிருந்து எங்கள் மொழி வகுப்பு கிடையாது. அப்பா இந்தப் பள்ளியை ஆரம்பித்ததே அந்த ஒரு பாடத்துக்காக.

ஜூன் 12, வியாழன்
வக்கீலைப் பார்த்தோம்.

"உங்க பிள்ளைங்க எத்தனை பேர் மேடம்?"

"எல்லாரும் எங்க பிள்ளைங்கதான்."

சிரித்தார். "அது மேடையில பேச நல்லா இருக்கும். சிறுபான்மை ஆணையத்துக்கு எண்ணிக்கை வேணும். வீட்ல உங்க மொழி பேசுறவங்க மட்டும் தனியா."

எங்களிடம் அது இல்லையே. சேர்க்கையின்போது எந்த வீடு, என்ன மொழி என்று கேட்கக் கூடாது. அப்பா வைத்த வழக்கம். யார் வந்தாலும் சேர்ப்போம், எல்லாருக்கும் எங்கள் மொழியைச் சொல்லிக்கொடுப்போம். அதைப் பெருமையாகச் சொல்லிக்கொண்டு திரிந்தோம். இப்போது அதுவே கழுத்தைப் பிடிக்கிறது.

ஜூன் 13, வெள்ளி
அண்ணனோடு சண்டை. "வகுப்பு வகுப்பாப் போய் ஒரு வார்த்தை கேக்குறதுல என்ன குடிமுழுகிப் போகுது?" என்கிறான். தன் மரக்கடையில் பலகை எண்ணுகிற மாதிரி நினைப்பு.

ஆணையத்து அதிகாரி திங்களன்று நேரில் வருகிறார். எண்ணிக்கையில் ஒரு பிள்ளை தப்பானாலும் மனு போச்சு என்கிறார் வக்கீல்.

ஜூன் 16, திங்கள்
கேட்டுவிட்டேன்.

ஐந்தாம் வகுப்புதான் கடைசி. அதிகாரி கதவருகே நின்றார். "வீட்ல நம்ம மொழி பேசுறவங்க மட்டும் எழுந்து நில்லுங்க" என்றேன். ஊசி எழுந்தாள். கூடவே நூலும். ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒட்டிக்கொண்டே திரிகிற இரண்டு பெண்கள். அதனால் ஆசிரியர்கள் வைத்த பெயர். நூலின் அம்மா பக்கத்துத் தெருச் சலவைக்கடையில் வேலை செய்கிறவர். எங்கள் மொழியில் ஒரு வார்த்தை தெரியாது.

"நீ உக்காரும்மா."

"நானும் வீட்ல பேசுவேனே டீச்சர். அம்மாவுக்குத்தான் புரியாது."

அதையும் எங்கள் மொழியிலேயே சொன்னாள். ஊசியைவிடச் சுத்தமாக. அதிகாரி என்னைப் பார்த்தார்.

"உக்காருன்னு சொன்னேன்ல."

உட்கார்ந்தாள். அப்புறம் மேசையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

எதுக்கு அதட்டினேன்? மெதுவா சொல்லியிருக்கக் கூடாதா? நீயெல்லாம் என்ன டீச்சர்? அந்தப் பிள்ளை முகம் — போதும், எழுத முடியவில்லை.

ஜூன் 17, செவ்வாய்
சாப்பாட்டு நேரத்தில் மூன்றாம் வகுப்புப் பொடியன் ஒருவன் இன்னொருவனிடம் கேட்கிறான்: "நீ நின்னவனா, உக்காந்தவனா?"

ஜூன் 24, செவ்வாய்
நூலை என் அறைக்குக் கூப்பிட்டேன். அன்றைக்கு டீச்சர் கத்தியதை மனதில் வைத்துக்கொள்ளாதே என்று எங்கள் மொழியில் சொன்னேன். "சரிங்க டீச்சர்" என்றாள். அவள் எங்கள் மொழியில் சொல்லவில்லை.

ஜூலை 18, வெள்ளி
அங்கீகாரம் கிடைத்துவிட்டது. அண்ணன் சின்னப் பிள்ளை மாதிரி அழுதான். எனக்கும் சந்தோஷம்தான், பொய் சொல்வானேன். மொழி வகுப்பு தப்பித்தது. அப்பா இருந்திருந்தால் — வேண்டாம்.

ஜூலை 21, திங்கள்
காலையில் பெரிய கூடத்தில் பிள்ளைகளை வரிசையாக உட்காரவைத்து அண்ணன் விஷயத்தைச் சொன்னான். நல்ல கைதட்டல். ஊசியும் நூலும் வேறு வேறு வரிசையில் இருந்தார்கள்.

படம் எடுக்க ஆள் வந்திருந்தார். "எல்லாரும் எழுந்து நில்லுங்க" என்றேன். கூடமே எழுந்தது. நூல் மட்டும் தரையில் உட்கார்ந்தபடி என்னை நிமிர்ந்து பார்த்தாள். குத்திக்காட்டவில்லை, தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

"நானுமா டீச்சர்?"