வாசலில்லாத வீடுகள்

அன்பு மகளுக்கு,

துருக்கியில் நீ அகழும் புதிய கற்கால ஊரின் படங்களை அப்பாவுக்குக் காட்டினேன். அந்த வீடுகளுக்கு வாசலே இல்லை, கூரைத் துவாரத்தால் ஏணியில்தான் இறங்குவார்கள் என்றேன். "அப்ப வயசுபோனதுகள் என்னெண்டு வெளிய வாறது?" என்று கேட்டார்.

உனக்குச் சொல்லவில்லை. போன மாதம் அப்பா வீட்டுக்கு வழி தெரியாமல் வெறுங்காலோடு மார்க்கம் வீதி நடுவில் நின்றார். அன்றிலிருந்து கதவைப் பூட்டித் திறப்பை இடுப்பில் செருகி வைத்திருக்கிறேன். நானும் எங்கும் போவதில்லை.

நேற்று, "தங்கச்சி, திறந்துவிடுங்கோ, வீட்டில மனிசி தனிய இருக்கிறா" என்று, நான்தான் மனைவி என்று தெரியாமல், என்னிடமே அழுதார். வெளியே கூட்டிப்போய், கட்டடத்தை ஒருமுறை சுற்றி, திரும்பவும் எங்கள் வாசலுக்கே கொண்டுவந்தேன். "பெரிய உதவி. நீங்களும் போங்கோ, உங்கட வீட்டில தேடுவினம்" என்றார்.

ஒரு கணம், போய்விடலாம் போலிருந்தது. பிறகு அவருக்குப் பின்னால் உள்ளே போனேன்.

நீ உடனே வரவேண்டாம். அகழ்வு முடியட்டும்.

அம்மா