ஏழரை மணி நாடகமும் சங்கரகோமதியும்

சங்கரன்கோவில்
12.2.2025

அன்பு மகள் யோகலட்சுமிக்கு அப்பா எழுதுதேன். இங்க நானும் உங்கம்மாவும் உடம்புக்கு ஒண்ணும் இல்லாம இருக்கோம், அங்க டப்ளின் குளிர்ல நீங்க சளி இருமல் இல்லாம இருப்பீங்கன்னு நம்பி எழுதுதேன். கையில போன வச்சுக்கிட்டு இந்த மனுசன் எதுக்கு லெட்டர் போடுதாருன்னு நினைப்பே. முப்பத்தஞ்சு வருசம் தபாலாபீசுல அடுத்தவங்க லெட்டருக்கு முத்திர குத்துனவன், பெத்த மகளுக்கு ஒண்ணு எழுதக்கூடாதாக்கும். ஆனா காரணம் அது இல்ல. நீ ஆஸ்பத்திரி வேலையில சாப்பாட்டு நேரம் பாத்துக் கூப்பிடும்போது இங்க மணி ஏழரை, ஏழரைக்கு இந்த வீட்ல மனுசப் பேச்சுக்கு இடமில்ல. உங்கம்மா சாப்டியான்னு கேப்பா, நீ பதில் சொல்லுததுக்குள்ள விளம்பரம் முடிஞ்சிரும், வச்சிரட்டுமாட்டின்னுருவா. நான் போன வாங்கிட்டு உள்ள போயிப் பேசுனா, சத்தத்தக் குறைங்கன்னு ஹால்லேருந்து ஒரு அதட்டு. லெட்டர்னா யாரும் நடுவுல விளம்பரம் போட முடியாது பாரு.

நாடகம் என்னன்னு உனக்குத் தெரியாது. அமுதினின்னு ஒரு பொண்ணு, அவளப் பாடாப்படுத்துத மாமியாக்காரி, அம்மா பேச்சக் கேட்டுக்கிட்டு அவளத் திரும்பியே பாக்காத புருசன், ரெண்டு வருசமா இதுதான் கதை. நான் பாக்குததில்ல, ஹால்ல ஓடுது, காதுல விழுது. பக்கத்து வீட்டு ரசீதாவும் இங்கனதான் வந்து உக்காருவா. அவ வீட்லயும் டிவி இருக்கு, அவ புருசன் யாகூப் சவூதியில கிடக்கான், தனியா உக்காந்து அழுதா நல்லாருக்காதுன்னு இங்க வந்து அழுவுதா. கார்த்திகை மழையில கரண்டு போனப்ப உங்கம்மா கரண்டு ஆபீசுக்கு நாலு தடவ போன் பண்ணி, வீட்ல நோயாளி இருக்காங்க சார்ங்கா. யாருட்டி நோயாளின்னா, அமுதினி ஆஸ்பத்திரியில கிடக்காளேங்கா. அவ பிழைக்கணும்னு உங்கம்மா கோமதி அம்மனுக்கு மாவிளக்கு எடுத்தா, ரசீதா துஆ கேட்டா. போன வருசம் மஞ்சக்காமாலையில நான் இருபது நாள் கிடந்தேன், எனக்கு ஒரு கட்டி சூடம் ஏத்துனதாத் தெரியல. குழம்புல உப்பு ரெண்டு தடவ விழுது, குக்கர் அடிபிடிக்குது, கேட்டா பொம்பளைங்க சந்தோசமா இருந்தா உங்களுக்குப் பொறுக்காதுங்கா. அழுவுததுல என்ன சந்தோசம்னு எனக்கு இன்னைக்கு வரைக்கும் புரியல.

விசயத்துக்கு வாரேன். உங்க பெரியம்மா மாரித்தாய் மக சங்கரகோமதிய வாசுதேவநல்லூர்ல கட்டிக் குடுத்தோம்லா, பெரியம்மா தவறுன பிறகு அவளுக்குத் தாய்வீடுன்னா நம்ம வீடுதான். மூணு வாரத்துக்கு முந்தி ஒரு திங்கக்கிழம, நாடகம் ஓடிக்கிட்டு இருக்கு, பிள்ள ஒத்தப் பையோட வாசல்ல நிக்கா. அன்னைக்குன்னு பாத்து மாமியா அமுதினிய வெளிய தள்ளிக் கதவச் சாத்துதா. உங்கம்மா கண்ணத் தொடச்சுக்கிட்டே, வாட்டி, உக்காரு, இந்தா முடிஞ்சிரும்னு கையக் காட்டுனா. அந்தப் பிள்ளையும் பைய மடியில வச்சுக்கிட்டு உக்காந்து, தலைய ஒரு பக்கமாவே சாச்சு சாச்சு டிவியப் பாத்துக்கிட்டு இருந்தா.

எல்லாம் முடிஞ்சு மெதுவா விசாரிச்சா, அவ புருசன் பேச்சிராஜா கை நீட்டுதானாம். கல்யாணத்துக்கு முந்தி பாத்த இ-சேவை மைய வேலைக்குத் திரும்பப் போறேன்னு கேட்டிருக்கா, அதுதான் குத்தம். மாமியா அவ போன வாங்கி பீரோவுல வச்சுப் பூட்டிட்டாளாம். உங்கம்மா எல்லாத்தையும் கேட்டுட்டுச் சொல்லுதா, எல்லா வீட்லயும் உள்ளதுதான் மக்கா, கொஞ்சம் அனுசரிச்சுப் போ, காலையில சித்தப்பா பஸ்ல கொண்டுவந்து விட்டுருவாங்கன்னு. எனக்கு வந்துச்சு பாரு ஆத்திரம். ரெண்டு வருசமா அமுதினியப் பாத்து, நீ எதுக்குட்டி அங்க கிடக்கே, தூக்கி எறிஞ்சுட்டு வான்னு டிவியோட மல்லுக்கட்டுனவ இவதான். நாடகக்காரிக்கு ஒரு நியாயம், உங்க அக்கா மகளுக்கு ஒரு நியாயமான்னு கேட்டுட்டேன். ரெண்டு நாள் எனக்குச் சோறு வந்துச்சு, பேச்சு வரல. ஆனா பஸ்ஸப் பத்தியும் யாரும் பேசல.

மூணாம் நாளும் பிள்ள தலையச் சாச்சேதான் இருந்தா, கூப்பிட்டா எந்தப் பக்கம்னு தேடுதா. காது டாக்டர்ட்ட கூட்டிட்டுப் போனேன், இடது செவிப்பறை கிழிஞ்சிருக்கு, அடி விழுந்து பத்து நாளாவது இருக்கும்னு சொன்னாரு. அவ சொல்லல, நாங்களும் கேக்கல. வீட்ல வந்து சொன்னதும் உங்கம்மா அந்தக் காதுல தண்ணி போகாமப் பஞ்ச வச்சு அடைச்சு அவளே பிள்ளைக்குத் தலைக்கு ஊத்திவிட்டா. துவட்டிக்கிட்டே என் பக்கம் திரும்பாமச் சொன்னா, நம்ம வீட்டுச் சங்கதிக்கு அழுதா ஏன் அழுவுதேன்னு நூறு பேரு கேப்பாங்க, நாடகத்துக்கு அழுதா யாரும் ஏன்னு கேக்கமாட்டாங்கல்லான்னு.

அந்த வெள்ளிக்கிழம ஏழு மணி வாக்குல சம்பந்தியம்மாவும் பேச்சிராஜாவும் பிள்ளையக் கூப்பிட வந்துட்டாங்க. காப்பி குடிச்சு, மழை, மாடுன்னு எல்லாம் விசாரிச்சு, பேச்சு ஆரம்பிக்குததுக்குள்ள மணி ஏழரை. ரசீதா வழக்கம்போல வந்து உக்காந்து பழக்கத்துல டிவியப் போட்டுட்டா. கேளு இந்தக் கூத்த, சம்பந்தியம்மா நாற்காலிய டிவி பக்கம் திருப்பிப் போட்டுக்கிட்டா. அவளும் ஒரு நாள் விடாமப் பாக்குதாளாம். அமுதினி மழையில நனைஞ்சுக்கிட்டு ரோட்டுல நிக்கா, இவ முந்தானையால மூக்கத் தொடச்சுக்கிட்டு, தாயில்லாப் பிள்ளைய இந்தப் பாடு படுத்துதாளே, இவ விளங்குவாளாங்கா. நடிப்பு இல்ல மக்கா, நெசமாவே கண்ணீர் வடியுது. சங்கரகோமதி அடுப்படி நிலையப் பிடிச்சுக்கிட்டு மாமியா முகத்தையே பாத்துக்கிட்டு நிக்கா.

உங்கம்மா ரிமோட்ட எடுத்துச் சத்தத்த நிப்பாட்டுனா. படம் அது பாட்டுக்கு ஓடுது. மதினி, தாயில்லாப் பிள்ள இங்கன ஒண்ணு நிக்கி, அதுக்கு ஒரு காது கேக்கல, அதுக்கு எப்ப அழுவப் போறீங்கன்னு கேட்டா. குரல் உசரல. சம்பந்தியம்மா முந்தானைய இழுத்துச் செருகுனா. பேச்சிராஜாதான் தரையப் பாத்துக்கிட்டு, ஒரே அடிதான், தெரியாமப் பட்டுட்டுன்னான். ஒண்ணோ ஒம்பதோ, பிள்ள இங்க இருக்கட்டும், அவளா வாரேன்னு சொன்னா அனுப்புதேன்னு உங்கம்மா சொல்லி முடிக்கல, நான் வரல அத்தைன்னு சங்கரகோமதியே சொல்லிட்டா. அதுக்கப்புறம் அங்க பேசுததுக்கு ஒண்ணும் இல்ல, எந்திரிச்சுட்டாங்க. போகும்போதும் சம்பந்தியம்மா ஒரு தடவ டிவியத் திரும்பிப் பாத்துட்டுத்தான் படியிறங்குனா. அவங்க தெரு திரும்பல, அதுக்குள்ள உங்கம்மா ரசீதாட்ட, கடைசியில அமுதினி புருசன் வந்தானா வரலையான்னு கேக்கா. இவள என்ன செய்ய. வந்தான், ஆனா கார விட்டு இறங்கலன்னு நான்தான் சொன்னேன்.

மகளிர் போலீஸ் ஸ்டேசன்ல மனு எழுதிக் குடுத்திருக்கு. பிள்ள இங்க பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு இ-சேவை மையத்துக்குப் போறா. காது ஆறுது, ஆறலன்னா ஆப்ரேசன்னு சொல்லியிருக்காங்க. தெருவுல நாலு பேரு நாலு விதமாப் பேசுதாங்க, பேசட்டும். நீ அவளுக்கு ஒரு போன் பண்ணு, வலது காதுல வச்சுப் பேசச் சொல்லு.

இப்ப நான் எழுத உக்காந்த காரணத்தச் சொல்லுதேன், நாடகத்தத் திட்டியே மூணு பக்கம் போயிட்டு. ஐப்பசியில ஒருநாள் நீ கூப்பிட்டு, அப்பா ஒண்ணு சொல்லணும்னே. குரலே உன் குரலா இல்ல. நான் என்னன்னு கேக்காம, எல்லாம் சரியாப் போவும்மா, மனசப் போட்டு உழப்பாதேன்னுட்டேன். நீயும் சரிப்பான்னு வச்சிட்டே. உங்கம்மாவ அந்தப் பேச்சுப் பேசுனேனே, நானும் அதத்தான் செஞ்சிருக்கேன்னு இந்த மூணு வாரமா நெஞ்சுக்குள்ள கிடந்து அறுக்குது. அன்னைக்கு என்ன சொல்ல வந்தேம்மா. எனக்கு மட்டும் எழுதணும்னா என் பேருக்கே எழுது, வேற யாரும் பிரிக்கமாட்டாங்க.

கோமதி அம்மன் உன்னையும் பேரனையும் கைவிடமாட்டா. குளிர்ல வெறுங்காதோட வெளிய போகாத. மாப்பிள்ளைய போன்ல எப்பவும் ஒரு வார்த்த விசாரிப்பேன், இந்த லெட்டர்ல விசாரிக்கல. உன் பதிலப் பாத்துட்டு எழுதுதேன்.

இப்படிக்கு,
உன் அப்பா
மகாராஜன்