திரளாத வெண்ணெய்

ஞாயிறு, ஏம்பலம்

நான் வேலை செய்யும் பண்ணை வீட்டில் வெண்ணெய் கடைந்து பார்க்க இன்று வந்த குடும்பங்களில் குமாரும் இருந்தான். எனக்குத் தாலி கட்டிவிட்டு, சென்னையில் வேலை என்று போய்த் திரும்பாதவன். கூடவே ஒரு மனைவி, ஒரு சிறுமி. என்னைக் கண்டதும் முகம் வெளுத்தான். பிறகு யாரோ போல, "வணக்கம் மேடம்" என்றான்.

அந்த வார்த்தைதான் என்னை எரித்தது. உள்ளே போய் அவனுக்கான பானைத் தயிரில் மட்டும் வெந்நீரைக் கலந்தேன். சூடு ஏறினால் வெண்ணெய் திரளாது.

மற்றவர்கள் வெண்ணெயோடு செல்ஃபி எடுத்தார்கள். அவன் மத்துக் கயிற்றை இழுத்துக்கொண்டே இருந்தான். உள்ளங்கை கொப்பளித்தது.

"போதும், விட்டுடுங்க" என்றாள் மனைவி.

"இப்ப வந்துடும் சார், கைய எடுக்காதீங்க" என்றேன்.

அவள் நகர்ந்ததும் கிசுகிசுத்தான். "இன்னாடி ஊத்துன இதுல?"

"உங்க வூட்டம்மாவ கூப்ட்டு அவங்க எதிர்ல சொல்லட்டுமா சார்?"

மறுபடி கயிற்றை இழுத்தான். சிறுமிக்கு மட்டும் நான் கடைந்து காட்டிய பானையிலிருந்து ஓர் உருண்டை கொடுத்தேன்.

கிளம்பும்போது ஸ்டியரிங்கைப் பிடிக்க முடியாமல் சாவியை மனைவியிடம் நீட்டினான். இன்றுதான் எனக்குச் சோறு ருசித்தது.