மூன்றாம் வகுப்புக்கு ஆசிரியர் தேவை

12 மே 1952, திங்கள்
கொளுத்துகிற வெயில். துணி துவைத்தாயிற்று. பாய் கடையில் பொட்டலம் கட்டக் கிழிக்கும் முன் பேப்பரை வாங்கிப் பார்ப்பதே பத்து நாளாக வேலை. 'தேவை' பத்தியில் டைப்பிஸ்ட், சமையல்காரர், தையல் ஆள். ஆசிரியர் இல்லை.

மூன்றாம் வகுப்பை இரண்டு வருடம் தற்காலிகமாக எடுத்தேன். இப்போது அது நிரந்தர இடம். லீவு விடும்போது ஹெச்.எம். சொன்னது: "பொதுவில விளம்பரம் பண்ணாம யாரையும் நியமிக்கக் கூடாதும்மா. ரூல். வந்ததும் மனு போடு, உனக்குத்தான்." நம்பினேன்.

27 மே, செவ்வாய்
இன்றும் இல்லை. மாவு பொங்கி வழிந்துவிட்டது. மனசு கேட்காமல் பள்ளிக்கே போனேன். கேட்டில் பூட்டு. வாட்ச்மேன் ஏழுமலை: "இன்னா டீச்சரம்மா, ஸ்கூலு தொறக்க இன்னும் நாளு கீதே. வூட்டுக்குப் போ." திரும்புகிற வழியில் செருப்பு வார் அறுந்தது.

9 ஜூன், திங்கள்
பள்ளி திறந்தது. என் வகுப்பில் ஒரு ஆள்! தாளாளரின் மச்சினர் மகனாம். நான் எழுதி மாட்டிய வாய்ப்பாடு சுவரில் அப்படியே.

ஹெச்.எம். என் முகத்தைப் பார்க்கவில்லை. "நோட்டீஸ் போர்டுல அறிவிப்பு போட்டோம்மா. பதினஞ்சு நாள் இருந்துச்சு. அவரைத் தவிர யாரும் மனு போடல."

எந்தப் பதினைந்து நாள்? மே மாதம். போர்டு? பூட்டிய கேட்டுக்கு உள்ளே, வராந்தாவில். காக்காய்க்கு அறிவித்திருக்கிறார்கள்.

ஏழுமலை வெளியே வந்து அழாத குறை: "ஒட்னதே நான்தாம்மா. எனக்குப் படிக்கத் தெரிஞ்சா சொல்லிருக்க மாட்டேனா?"

10 ஜூன்
கல்வி அதிகாரிக்குப் புகார். மூன்று நகல். கை வலி. ஹார்பர் வேலை முடிந்து வீட்டுக்கு வந்த இவர்: "அவனுங்களாண்ட மோத முடியுமா? பேஜாரு." சண்டை. ரிஜிஸ்தர் தபாலில் அனுப்பிவிட்டேன்.

4 ஜூலை, வெள்ளி
பதில் வந்தது!! நியமனம் செல்லாது. நாளிதழில் விளம்பரம் செய்து மறுபடி ஆள் எடுக்க உத்தரவு. கேசரி கிளறினேன். இவர் இரண்டு தட்டு, யோசனையே தன்னுடையது மாதிரி.

9 ஜூலை, புதன்
தூறல். கொடியில் துணி. இவர் ஹார்பரிலிருந்து பேப்பரும் கையுமாக ஓடிவந்தார். "வந்துட்ச்சு! பேப்பர்லயே போட்டுகிறான்!"

உரக்கப் படித்தார். பள்ளி பெயர், மூன்றாம் வகுப்பு, மனு அனுப்பக் கடைசித் தேதி. எல்லாம் சட்டப்படி. திடீரென்று நிறுத்தினார்.

"மிச்சம்?" என்றேன். பேப்பரை மடிக்கப் பார்த்தார். பிடுங்கிப் படித்தேன்.

'ஆண்கள் மட்டும் மனுச் செய்யவும்.'