மாப்பிள்ளைக்கு யார் கயிறு பிடிப்பது

18 ஜனவரி, ஞாயிறு

தங்கை புருஷன் சேவியர் மேஜர் ஜெனரல் ஆனபின் இப்போதுதான் ஊருக்கு வந்திருக்கிறார். காலையில் பூசை முடிந்ததும் கோயில் வாசலிலேயே பாராட்டுக் கூட்டம். விமானத்திலிருந்து குதிக்கும் பாராசூட் படையில் முப்பது வருடம் ஆகிவிட்டது. அதற்கு முன் எங்கள் வள்ளத்தில் சங்கு குளித்தவர்.

அவர் பெண் கேட்டு வந்த அன்றைக்கு முகத்துக்கு நேராகக் கேட்டேன்: "தண்ணிக்குள்ள போனா மச்சான் நான் கயிறு புடிப்பேன். வானத்துல இருந்து குதிச்சா யாரு மாப்ள புடிப்பா?" அப்படியும் வீட்டில் பெண் கொடுத்துவிட்டார்கள். கல்யாணத்துக்கு நான் போகவில்லை.

இன்று மேடையில் அதையே எடுத்தார். "சங்கு குளிக்கிறவன் கயிற எங்க ஊர்ல மச்சான் கையிலதான் குடுப்போம். தங்கச்சி தாலிய நெனச்சு அவன் கண்ணசர மாட்டான். எங்க மச்சான் கேட்ட கேள்வி மண்டைக்குள்ளயே கெடந்துச்சு. அதிகாரம் வந்ததும் மொத வேலையா, பாராசூட் மடிக்கிறவனும் தான் மடிச்சதக் கட்டிக்கிட்டுக் கூடவே குதிக்கணும்னு உத்தரவு போட்டேன்."

ஊரே திரும்பி என்னைப் பார்த்தது. தங்கை கல்யாணத்துக்கு வராதவன் என்றுதான் இதுவரை எனக்குப் பேர். இன்று கர்வமாக இருந்தது. மறைக்கவில்லை.

இறங்கி வந்தவர், "மச்சான், நாளைக்கு ஒரு முங்கு போடுவமா? கயிறு நீங்கதான்" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் கயிற்றை அவிழ்த்து முழுசாகத் தடவிப் பார்த்தேன். நடுவில் ஓரிடம் நைந்திருக்கிறது. நாளைக்குக் கடை திறந்து புதுக் கயிறு வாங்கும்வரை அவர் கரையில்தான் உட்கார்ந்திருக்க வேண்டும். ஜெனரலாக இருந்தால் என்ன?