பச்சைத் துவாய்

ஒக்டோபர் 7, செவ்வாய்
விடிந்ததிலிருந்து தூறல். அம்பிட்டியவில் இந்த மாதம் உடுப்புக் காயப்போட நினைப்பதே முட்டாள்தனம். ரொறன்ரோவிலிருந்து மகள் நிர்மலாவின் பார்சல் வந்தது. உள்ளே குளித்துத் துடைக்க மூன்று துவாய். மூங்கில் நாரில் செய்ததாம். வெள்ளை எனக்கு, சாம்பல் இவருக்கு, பச்சை என் தங்கச்சி மகள் வதனிக்கு. (இனி வ. என்றே எழுத வேண்டும். இந்தக் கொப்பி யார் கையில் அகப்படுமோ.)

பின்னேரம் போனில் பாடம்:
– முதல் தோய்ப்பு தனித்தனியே. பச்சைத் தண்ணீர் மட்டும்.
– சவர்க்காரத்தூள் கொஞ்சம். வெளுக்கிற மருந்து, வாசனைத் தண்ணி தொடவே கூடாது.
– முறுக்கிப் பிழியக் கூடாது. அமத்தி எடுக்க வேண்டும்.
– நூல் கிளம்பினால் இழுக்காமல் கத்தரிக்கோலால் வெட்ட.
– ஈரத்தோடு ஒரு மூலையில் போடக் கூடாது. காற்றுப் பட வேண்டும்.

"அம்மா, பழைய பழக்கத்தில கல்லில அடிச்சுப்போடாதேங்கோ, என்ன?"

ஓம் மகாராணி. அங்கே வன்னியில் தங்கச்சி சண்டைக்கு ஓடி மரத்துக்குக் கீழே தறப்பாள் கட்டி இருக்கிறாள். இங்கே நான் துவாய்க்கு நோகாமல் தோய்க்கப் பழகுகிறேன்.

ஒக்டோபர் 9, வியாழன்
மழை. மூன்றையும் தோய்த்தாயிற்று. தண்ணீரை உறிஞ்சி வைத்துக்கொண்டு விடமாட்டேன் என்கிறது. ஒவ்வொன்றும் ஒரு வாளி பாரம். பிழியவும் கூடாதாம். நல்ல சாமான்.

வெள்ளையும் சாம்பலும் வெளிக்கொடியில், தகரத்துக்குக் கீழே. பச்சை மட்டும் உள்ளே, அறைக்குள் கட்டிய கயிற்றில். வேறு வழி? வ. இந்த வீட்டில் இல்லாத ஆள். அடையாள அட்டையில் கிளிநொச்சி விலாசம், கண்டாலே புலி என்று சந்தேகம். வந்தவர்களைப் பொலிஸில் பதிய வேண்டும், பதிய வீட்டுக்காரரின் கையெழுத்து வேண்டும். வீட்டுக்காரி கோமதியம்மா முன்வீட்டில்தான். "கேட்டால் எங்களையும் சேர்த்து வீட்டை விட்டு எழும்பச் சொல்லுவா. பதினைஞ்சாந் திகதி கொழும்பில பிள்ளைக்கு விசா இன்டவியூ. அதுமட்டும் சத்தம் போடாம இருப்பம்" என்றார் இவர். இரண்டு கிழமையாகப் பிள்ளை இருமல் வந்தாலும் தலகாணிக்குள் இருமுகிறாள்.

கொடியில் இரண்டு பேருக்கு இரண்டு துவாய். இந்த ஒழுங்கிலேதான் உயிர் ஓடுகிறது.

பச்சைத் துவாய் மணக்கத் தொடங்கிவிட்டது. வினாகிரி கலந்த தண்ணீரில் ஊறப்போட்டேன். வ. பார்த்துக்கொண்டு நின்றாள்.
"விடுங்கோ பெரியம்மா. நான் பழைய சட்டையால துடைக்கிறன்."
"வாயை மூடு. அக்கா உனக்கெண்டு அனுப்பினது."

சீனி, தேயிலை, இவருடைய பிறசர் குளிசை – நாளை.

ஒக்டோபர் 10, வெள்ளி
பத்து மணிக்குக் கொஞ்சம் வெயில். கொடியடியில் நின்றேன். கோமதியம்மா பூப்பறிக்க வந்தவ, வெள்ளைத் துவாயைப் பிடித்து விரலால் உரசிப் பார்த்தா.
"அடேயப்பா, பட்டு மாதிரில்ல இருக்கு! யாரு டீச்சர் அனுப்புனது?"

அவ்வளவுதான். வாய் நிற்குமா எனக்கு? முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் கத்தின வாய். மகள், கனடா, மூங்கில், வினாகிரி, நிழலில் காயப்போடுவது, எல்லாம் விளக்கினேன். பெருமை. பெற்ற வயிற்றின் கொழுப்பு.
"எத்தன வந்துச்சு?"
"மூண்டு. அவள் கணக்காத்தான் அனுப்புவாள், ஆளுக்கொண்டு."

சொன்ன பிறகுதான் எனக்கே கேட்டது. அவ கொடியைப் பார்த்தா. பிறகு எங்கள் யன்னலைப் பார்த்தா. "சரி டீச்சர், சாமிக்கு நேரமாச்சு" என்று போய்விட்டா. பூக்கூடை பாதிதான் நிரம்பியிருந்தது.

ஒக்டோபர் 11, சனி
இவருக்குச் சொன்னேன். கத்தவில்லை. கதிரையில் இருந்தபடி, "உனக்கு விசரே?" என்று மட்டும் கேட்டார். கத்தியிருக்கலாம்.

செவ்வாய் வ.வைக் கொழும்புக்குக் கொண்டுபோக இருந்த வான்காரனை முந்தி வரச் சொல்லிப் போன் பண்ணினார். திங்கள்தான் முடியுமாம். வ.வுக்கு ஒன்றும் சொல்லவில்லை. அவள் இன்டவியூவுக்கு ஆங்கிலத்தில் பதில் பாடமாக்குகிறாள். குசுகுசுத்தே பாடமாக்குகிறாள். குளிசை வாங்க மறந்துபோனேன்.

ஒக்டோபர் 12, ஞாயிறு
காலை ஒன்பதரை. மூன்று பொலிஸ், ஒரு பொம்பிளை பொலிஸ். "எத்தனை பேர்?" என்று கேட்கவில்லை. "மூன்றாவது ஆள் எங்கே?" என்றே கேட்டார்கள்.

இவர் கந்தோரில் வேலை செய்து பழகிய சிங்களத்தில், "நாங்கள் இரண்டு பேர்தான்" என்றார். அறைக்குள் போனார்கள். கயிற்றில் பச்சைத் துவாய். "அது மேலதிகமாகக் கிடந்தது, யாரும் பாவிப்பதில்லை" என்றேன் நான். பொலிஸில் பெரியவர் அதைக் கையால் பிடித்துப் பார்த்தார். ஈரம் என்றார். வ. காலையில்தான் முகம் கழுவினவள்.

கட்டிலுக்கும் அலுமாரிக்கும் இடையிலிருந்து அவளே எழும்பி வந்தாள்.
"பெரியப்பா, விடுங்கோ. நான் போறன்."

செருப்புப் போட விட்டார்கள். அவ்வளவே.

ஒக்டோபர் 14, செவ்வாய்
மழை. இரண்டு நாளும் பொலிஸ் வாசலில். வதனி இப்போது அங்கே இல்லையாம், எங்கே என்று சொல்ல முடியாதாம். அவளுக்குக் கொண்டுபோன சவர்க்காரம், பல்தூரிகை, மாற்றுடுப்பு, பச்சைத் துவாய் எல்லாம் பையோடு திரும்பி வந்தன.

கேற்றடியில் கோமதியம்மா. தலையைக் குனியவில்லை.
"நான்தான் சொன்னேன் டீச்சர். மறைக்கல. எண்பத்துமூணு கலவரத்துல எங்க கடைய எரிச்சப்போ எம் மாமனாரும் உள்ளதான் இருந்தாரு. ஆள மறைச்சு வச்சேன்னு வந்தா எம் மகனத்தானே தூக்கிட்டுப் போவாங்க? நீங்க எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருந்தா கையெழுத்துப் போட்டிருப்பேன்."

போட்டிருப்பாவா? பொய்யாக இருக்க வேண்டும். உண்மையென்றால் நான் எப்படி இருப்பது? நாசமாய்ப் போ என்று திட்ட வாயெடுத்தவள் கேற்றைச் சாத்திவிட்டு உள்ளே வந்தேன். இந்த வாயைத்தான் முதலில் தைக்க வேண்டும்.

ஒக்டோபர் 15, புதன்
நல்ல வெயில். இன்று இன்டவியூ. ஒன்பது மணிக்கு அவளுடைய பெயரைக் கூப்பிட்டிருப்பார்கள்.

நிர்மலா போன் எடுத்தாள். அவளுக்கு இன்னும் தெரியாது. "துவாய் எப்பிடியம்மா? அடிச்சுத் தோய்க்கேல்லைத்தானே?" இல்லை என்றேன். நீ சொன்னபடியே எல்லாம் செய்தேன் என்றேன். இவர் போனை வாங்கிக்கொண்டு வெளியே போனார்.

பையிலிருந்து பச்சைத் துவாயை எடுத்தேன். மணம் பிடித்துவிட்டது. வினாகிரியில் ஊறவிட்டு, பச்சைத் தண்ணீரில் அலசி, முறுக்காமல் அமத்தி எடுத்தேன். வெள்ளை, சாம்பல், பச்சை. மூன்றையும் வெளிக்கொடியில், வெயிலில், முன்வீட்டு யன்னலுக்கு நேரே போட்டேன்.

எண்ணட்டும்.