முன்விளைவும் என் மைத்துனனும்

சிவமயம்

காலத்துக்கு முன்னும் பின்னும் நிற்கும் பெருமானே, இச்சிறு வரிகளுக்கும் நீயே துணை. என் நாவின் கசப்பை நீ அறிவாய். மாற்றுவதும் மாற்றாததும் உன் சித்தம்.

ஐப்பசி 10, செவ்வாய்

விடியலிலிருந்தே மழை. கொல்லையில் கணுக்கால் அளவு நீர். செய்ய வேண்டியவை: வயலில் வடிகால் வெட்ட ஆள், கொல்லைக் கதவுக்குத் தாழ்ப்பாள், விபூதி.

என் மனைவி பர்வதத்தின் மாரில் இருந்த கட்டியில் ஊசியிட்டுத் துணுக்கு எடுத்து, போன வாரமே புதுச்சேரிக்கு அனுப்பிவிட்டார்கள். முடிவு வெள்ளிக்கிழமை கைப்பேசியில் வருமாம். என் கருவியில் பேச மட்டுமே முடியும். ஆகவே அவள் தம்பி நடராசனின் எண்ணைக் கொடுத்திருக்கிறோம்.

அவன் முற்பகலில் நனைந்துகொண்டே வந்தான். காரைக்காலிலிருந்து நெரவி வரை ஸ்கூட்டரில். பள்ளியில் இயற்பியல் கற்பித்து ஓய்வுபெற்றவன். ஓய்வு சிலருக்கு ஆகாது. கண்டுபிடித்திருக்கிறானாம்: காரணத்துக்கு முன்னரே காரியம் நிகழுமாம். பெயர், முன்விளைவுக் கொள்கை. ஒவ்வொரு நிகழ்ச்சியும் நாளையை நோக்கி ஓர் அலையும் நேற்றை நோக்கி ஓர் அலையும் அனுப்புமாம். சான்று, மாடியில் அவன் பூட்டி வைத்திருக்கும் ஒரு பொறி. சுவிட்சைப் போடுமுன்னரே முள் அசைகிறதாம். அந்தத் தெருவில் மின்சாரம் வந்துபோகும் அழகுக்கு, முள் அசையாமல் இருந்தால்தான் வியப்பு.

குடம் மண்ணுக்குள் அடங்கியிருக்கிறது என்பது சாத்திரம். மண் வெட்டுமுன்னரே குடம் சந்தைக்குப் போயிற்று என்பது நடராசன்.

ஞாயிறு மாலை நூலக மாடியில் இதை உரையாக நிகழ்த்தப் போகிறான். தலைமை நான் ஏற்க வேண்டுமாம்.

"நீங்க வந்து உக்காந்தாலே போதும் அத்தான். சபைக்கு ஒரு மரியாதை."

"சபைன்னா நாலு பேர் வரணுமே. அதுக்கு என்ன வழி?"

உள்ளிருந்து பர்வதம்: "போயிட்டுத்தான் வாங்களேன். எந்தம்பி என்ன திருடவா போறான்?"

திருடினால் பிழைத்துக்கொள்வான் என்று வாய்வரை வந்தது. மறுத்துவிட்டேன்.

ஐப்பசி 11, புதன்

தூறல். பேருந்தில் காரைக்கால். விபூதி, பஞ்சுத்திரி, பர்வதத்துக்கு மாத்திரை. மருந்துக்கடையில் நடராசன் நின்று கடைக்காரருக்குக் கொள்கை விளக்கிக்கொண்டிருக்கிறான்.

"அப்ப இருமல் வர்றதுக்கு முன்னாடியே சிரப்பு குடுத்துடலாமா சார்?"

"அது அப்படியில்ல பாய்."

"யாவாரத்துக்கு நல்லாருக்குமேன்னு கேட்டேன்."

நின்றவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். இவனும் சேர்ந்து சிரித்தான். ரோஷம் அந்தக் குடும்பத்தில் பர்வதத்தோடு முடிந்துவிட்டது போலும்.

கோயிலுக்கும் பின்தொடர்ந்தான். ஊசியிட்ட நாள் முதல், கோயில் சென்றால் அங்கும், மாலையில் வீட்டு விளக்கின் முன்னும் ஒரு பதிகம் பாடி வருகிறேன். முடிக்கும் வரை தூண் ஓரமாக நின்றான்.

"என்ன வேண்டிக்கிட்டீங்க அத்தான்?"

"வேற என்ன? ரிப்போர்ட் நல்லபடியா வரணும்னுதான்."

"துணுக்க எடுத்தது போன வாரம். அதுல என்ன இருக்கோ அது அப்பவே இருந்தாச்சு. இன்னிக்கிப் பாடறது அங்க எப்படிப் போய்ச் சேரும்?"

"அவன் காலம் கடந்தவன்டா."

"அதத்தான் நானும் சொல்றேன். நீங்க சாமிங்கிறீங்க, நான் அலைங்கிறேன். ஞாயித்துக்கிழமை மொத உதாரணமே எங்க அத்தான்தான்."

இப்பிறவியில் எத்தனையோ பட்டம் பெற்றேன். ஒரு மூடனின் கொள்கைக்குச் சான்றாவது மட்டும்தான் பாக்கி இருந்தது. பேருந்தில் வரும் வழியெல்லாம் விடை தேடினேன். கிடைக்கவில்லை. அதுதான் எரிச்சல்.

ஐப்பசி 12, வியாழன்

மழை இல்லை, புழுக்கம். வடிகால் வெட்டியாயிற்று. ஆள் அரைகுறை.

நன்கு எண்ணிப் பார்த்து முடிவுசெய்தேன். நடந்து முடிந்ததை மாற்றும்படி வேண்டுவது முறையன்று. இனி வருவதைத் தாங்கும் திடத்தை மட்டுமே கேட்பேன், அதையும் மனத்துக்குள். மாலை விளக்கு வைத்தாயிற்று. நான் வாய் திறக்கவில்லை.

"ஏங்க, பதிகம் பாடலியா?"

முறையாக, வரிசையாக விளக்கினேன். கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"உங்க ரெண்டு பேரு வாதத்துக்கு என் கட்டிதான் கெடச்சுதா? நீங்க பாடிக் கேட்டா மனசு அடங்குது. இதுக்குமா காரணம் காரியம் பாப்பீங்க?"

நியாயம் என்றே பட்டது. ஆயினும் பாடவில்லை. பாடினால் நடராசன் வென்றதாகிவிடும். சற்று நேரத்தில் அவள் தொலைபேசியில் தம்பியிடம் முறையிடுவது கேட்டது. "இன்னிக்கிப் பாடவே மாட்டேன்னுட்டாருடா."

ஐப்பசி 13, வெள்ளி

மீண்டும் மழை. தாழ்ப்பாள் இன்னும் போடவில்லை.

பிற்பகல் நடராசன். செருப்பைக்கூடக் கழற்றாமல் வாசற்படியிலேயே நின்றான்.

"கொள்கை தப்பு அத்தான். கணக்கத் திருப்பிப் போட்டேன். ஒரு எடத்துல குறி மாறிப்போச்சு."

விட்டேனா? குடம், சந்தை, ஆடும் முள், இருமல் சிரப்பு எல்லாம் சொன்னேன். ஓய்வூதியத்தைக் கம்பிச்சுருளில் கொட்டியதையும் சொன்னேன். ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினான். இத்தனை எளிதாக அவன் ஒருநாளும் தோற்றதில்லை.

"பின்னோக்கி எதுவும் போகாது அத்தான். நேத்து செஞ்சதோ, செய்யாம விட்டதோ, போன வாரத்தத் தொடவே தொடாது. அது மட்டும் நிச்சயம்."

இதையே மறுபடியும் சொன்னான். பிறகுதான் சட்டைப் பையிலிருந்து கைப்பேசியை எடுத்தான்.

நல்லதில்லை. ஆரம்ப நிலைதானாம், திங்களன்று வரச் சொல்லியிருக்கிறார்கள்.

காரியம் முந்தி வந்து வாசலில் நின்றது. காரணம் அவன் சட்டைப் பையில் இருந்தது.

குறி எதுவும் மாறியிருக்காது. அவன் கொள்கை மெய்யானால், நேற்று நான் வாய்மூடி இருந்தது போன வாரத்துத் துணுக்கைப் போய்த் தொட்டிருக்கும். அந்தப் பழி என்மேல் விழாதிருக்க, வந்ததும் வராததுமாகத் தன் கொள்கையைக் கொன்றுவிட்டான். பொய் சொல்லவும் துப்பில்லாதவன். காது மடல் சிவந்து கிடந்தது.

"ஞாயித்துக்கெழம போய்ப் பேசு. தலைமைக்கு நான் வரேன்."

"தப்புன்னு சொன்னேனே அத்தான்."

"தப்புதான். அத நான் மேடையில சொல்லிக்கறேன். நீ பேசு."

பர்வதத்திடம் இருவருமாகச் சொன்னோம். கேட்டவள் தம்பியைப் பார்த்து, "செருப்போட உள்ள வந்துட்டியேடா" என்றாள்.

விளக்கு வைத்தபின் பாடினேன். எதற்காக என்று என்னையே கேட்டுக்கொள்ளவில்லை. அவள் கண்மூடிக் கேட்டாள். மூடன் தாளம் தப்பிக் கூடவே பாடினான்.

இவ்வேடு எவர் கைக்குச் சேரினும் அவர் நலமுறுக. அவர் மனையில் விளக்கு நின்றெரிக. அங்குள்ளார் அனைவர்க்கும் மனம் அடங்குக.